'ஈமிக்': ஆய்வேட்டில் இந்தச் சொல்லைக் கையாளும் முறை

மானிடவியல், நாட்டாரியல், சமூகப்பணி, செவிலியர் கல்வி, ஒப்பீட்டு உளவியல், சமய ஆய்வு என்று எந்தத் துறையில் ஆங்கில ஆய்வேடு எழுதினாலும் 'ஈமிக்' (emic) என்ற பெயரடை ஒருநாள் எதிரே வந்து நிற்கும். கூடவே அதன் இணையான 'எட்டிக்'கும் (etic) வரும். அகராதியைப் புரட்டினால் 'உள்ளிருப்பவர் பார்வை', 'வெளியாள் பார்வை' என்று ஆளுக்கொரு வரி கிடைக்கும். அந்த வரியை மட்டும் நம்பி முறையியல் இயலில் 'இந்த ஆய்வு ஈமிக் அணுகுமுறையைப் பின்பற்றுகிறது' என்று எழுதிவிட்டு வாய்மொழித் தேர்வான வைவாவுக்குப் போகிறவர்கள் நிறையப் பேர். 'எதற்கு எதிரான ஈமிக்? அதை எப்படிக் கண்டுபிடித்தீர்கள்?' என்று புறத்தேர்வாளர் கேட்டதும் பேச்சு நின்றுவிடும்.

ஈமிக் என்று எழுதும்போது நீங்கள் ஒரு கூற்றை முன்வைக்கிறீர்கள்: இந்த மக்களிடம் இந்த வேறுபாடு கணக்கில் சேரும், அந்த வேறுபாடு சேராது. கூற்று என்றால் சான்று வேண்டும். அந்தச் சான்றை எப்படித் திரட்டுவது, திரட்டிய பிறகு சொல்லை வாக்கியத்தில் எங்கே வைப்பது என்பதைக் கீழே பார்க்கலாம்.

முதலில் சொல்லைச் சொல்லப் பழகுங்கள்

முதல் அசை நெடில்: ஈ-மிக். 'எமிக்' என்று குறிலாகச் சொல்வதும் காதில் விழும். ஆனால் 'ஃபொனீமிக்' என்ற தாய்ச்சொல்லில் அந்த அசை நெடில்தான், அதையே பின்பற்றுங்கள். இணைச்சொல்லில் முதல் அசை குறில். தமிழில் ஒற்றை ட போட்டு 'எடிக்' என்று எழுதினால் நம் நாக்கு அதை மெலித்துப் படித்துவிடும், அதனால்தான் இங்கே இரட்டை ட. எண்டெமிக், எபிடெமிக் போன்ற சொற்களுக்கும் இதற்கும் உறவில்லை. அவற்றின் வாலில் இருப்பது 'மக்கள்' என்று பொருள்படும் கிரேக்க 'டெமோஸ்'.

இலக்கணம் எளிது. இரண்டும் உயிரொலியில் தொடங்குவதால் முன்னால் 'அன்' வரும், 'எ' வராது. வினையடையாக 'ஈமிக்கலி' உண்டு. 'ஈமிக்ஸ்' என்று பன்மைப் பெயராகவும் எழுதுவார்கள். 'மோர் ஈமிக்', 'மோஸ்ட் ஈமிக்' என்று ஒப்புப்படி போடுவதைத் தவிருங்கள். ஒரு பகுப்பு ஈமிக்காக இருக்கும், அல்லது இருக்காது. கொஞ்சம் ஈமிக் என்று சொன்னால் கூற்று குழப்பமாகிவிடும்.

க ஒன்றா, மூன்றா

இரண்டு சொற்களையும் உருவாக்கியவர் அமெரிக்க மொழியியலாளர் கென்னத் பைக் (1912–2000). மெக்சிகோவின் மிஸ்டெக் மொழியில் நீண்டகாலம் வேலை செய்தவர். மொழியியலில் ஏற்கெனவே இரண்டு வேலைகள் பிரிந்திருந்தன. வாயிலிருந்து வரும் ஒலியை உள்ளபடியே அளந்து பதிவது 'ஃபொனெட்டிக்'; அந்த ஒலிகளில் எவை ஒரு மொழிக்குள் பொருளை மாற்றும் அலகுகள் என்று காண்பது 'ஃபொனீமிக்'. பைக் இரண்டின் தலையையும் வெட்டி, வாலை மட்டும் எடுத்து, 1954இல் வெளிவரத் தொடங்கிய தம் பெருநூலில் மனித நடத்தை முழுமைக்கும் விரித்தார். தேவாலய வழிபாடு, கால்பந்தாட்டம், ஒரு குடும்பத்தின் காலைச் சாப்பாடு எல்லாவற்றையும் அந்த நூலில் இப்படிப் பிரித்துக் காட்டியிருக்கிறார்.

சொல்லின் பொருள் பிடிபட வேண்டும் என்றால் ஒலியிலிருந்துதான் தொடங்க வேண்டும். தமிழ் பேசுகிறவர்களுக்கு இதில் ஒரு வசதி இருக்கிறது. 'கல்', 'மங்கை', 'அகம்' என்ற மூன்றையும் இயல்பாகச் சொல்லிப் பாருங்கள். முதலாவதில் க வல்லோசை. இரண்டாவதில் ஙகரத்தை அடுத்து மெலிந்து அதிரும் ஒலி. மூன்றாவதில் தொண்டையில் உரசி வரும், ஹகரத்துக்குப் பக்கமான ஒலி. ஒலிப்பதிவுக் கருவி மூன்றையும் மூன்றாகவே காட்டும். அது எட்டிக் பதிவு. தமிழுக்குள் மூன்றும் ஒரே க. இடத்தைப் பொறுத்து உருமாறுகிறதே தவிர, அந்த மாற்றம் எந்தச் சொல்லையும் வேறு சொல்லாக்குவதில்லை. 'மங்கை'யில் வல்லோசை போட்டால் வெளியூர்க்காரர் என்று நினைப்பார்கள், வேறொரு பெண் என்று நினைக்கமாட்டார்கள். ஒரே க என்பது ஈமிக் முடிவு.

இந்தியில் கதை வேறு. வல்லோசையில் 'கானா' என்றால் ஒற்றைக்கண்ணன். மூச்சைக் கூட்டிச் சொன்னால் சாப்பாடு. மெலிந்து அதிர்ந்தால் பாட்டு. தமிழ் எழுத்தில் மூன்றையும் 'கானா' என்றே எழுத வேண்டியிருக்கிறது. அங்கே ஒவ்வொன்றும் தனி அலகு. திருப்பிப் பார்த்தால், 'வலி', 'வளி', 'வழி' என்ற மூன்றையும் ஓர் ஆங்கிலேயரின் காது பிரித்தெடுக்கத் திணறும். நமக்கு மூன்றும் மூன்று சொல். கடன்சொற்கள் இந்தக் கணக்கைக் கொஞ்சம் கலைத்திருக்கின்றன: 'பாவம்' என்று எழுதி, குற்றம் என்ற பொருளில் ஒருவிதமாகவும் நடிப்பில் வரும் பாவம் என்ற பொருளில் மெலித்தும் சொல்கிறவர்கள் உண்டு. அப்படிச் சொல்கிறவர்களிடம் ப விஷயத்தில் ஒரு புதிய ஈமிக் எல்லை விழத் தொடங்கியிருக்கிறது.

இதிலிருந்து ஒன்றை இறுகப் பிடித்துக்கொள்ளுங்கள். தமிழ் பேசுகிற பெரும்பாலோருக்குத் தாம் மூன்று விதமாக க சொல்வது தெரியாது. கேட்டால் மறுப்பார்கள். ஆனாலும் 'ஒரே அலகு' என்ற முடிவு செல்லும். ஆக, மக்கள் வாயால் சொன்ன கருத்தும் ஈமிக் பகுப்பும் ஒன்றாக இருக்க வேண்டிய கட்டாயம் இல்லை. இது யாருடைய தனிப்பட்ட அபிப்பிராயமும் இல்லை. தமிழில் க ஓர் அலகு என்பது தராசில் நிறுத்த எடையைப் போலவே சரிபார்க்கத்தக்க செய்தி.

அம்மையும் அக்கியும்

ஒலியிலிருந்து பண்பாட்டுக்கு வர, தமிழ்நாட்டு வீடுகளில் நன்றாகத் தெரிந்த ஒன்றை எடுப்போம். பெரியம்மை, சின்னம்மை, தட்டம்மை மூன்றுக்கும் காரணம் மூன்று வெவ்வேறு வைரஸ்கள். மருத்துவ வகைப்பாட்டில் இவை ஒரே குடும்பம்கூட இல்லை. பொன்னுக்கு வீங்கியை உண்டாக்குவது நான்காவது ஒன்று. அதுவும் சில ஊர்களில் புட்டாளம்மை என்ற பெயரில் அம்மைக்குள் வந்துவிடுகிறது. வீட்டு வழக்கில் இவற்றுக்குப் பொதுவான நடைமுறை ஒன்று இருக்கிறது: வாசலில் வேப்பிலை செருகுவது, தாளிப்பை நிறுத்துவது, வெளியாட்கள் வருவதைத் தவிர்ப்பது, இறங்கியதும் வேப்பிலையும் மஞ்சளும் போட்ட தண்ணீரைத் தலைக்கு ஊற்றுவது. 'நோய் வந்திருக்கிறது' என்பதைவிட 'அம்மா வந்திருக்கா' என்று சொல்வதே பல வீடுகளில் வழக்கம்.

இப்போது அக்கியைப் பாருங்கள். உடம்பின் ஒரு பக்கமாகக் கொப்புளங்கள் பட்டையாக வரும், எரியும். சின்னம்மையை உண்டாக்கிய அதே வைரஸ்தான் இதற்கும் காரணம். நரம்புகளில் ஆண்டுக்கணக்கில் ஒடுங்கிக் கிடந்து மறுபடி கிளம்பும்போது அக்கியாகிறது. மருத்துவர் இரண்டையும் ஒரே வரிசையில் வைப்பார். வழக்கிலோ அக்கிக்கு வேப்பிலைத் தோரணம் கிடையாது, தண்ணீர் ஊற்றும் சடங்கு கிடையாது. குயவர் வீட்டுக்குப் போய்க் காவி குழைத்து 'அக்கி எழுதி'விட்டு வருவார்கள்.

வீட்டு வழக்கின் பகுப்பு மூன்று வைரஸ்களைச் சேர்த்து ஒன்றாக்குகிறது. மருத்துவம் ஒன்றாக வைக்கும் ஒரு வைரஸை அதுவே இரண்டாக வெட்டுகிறது. வழக்கின் கோடும் மருத்துவத்தின் கோடும் ஒன்றின்மேல் ஒன்று பொருந்தவில்லை. இப்படிப் பொருந்தாமல் போகிற இடம் கிடைத்தால்தான் 'ஈமிக்' என்ற சொல்லுக்கு வேலை இருக்கிறது. இரண்டும் அச்சாகப் பொருந்தினால், மக்கள் இதை இப்படி அழைக்கிறார்கள் என்று எளிமையாக எழுதிவிட்டுப் போகலாம்.

களத்தில் எடுக்கும் வழி

வெறுங்கையோடு போகாதீர்கள். முதலில் உங்கள் குறிப்பேட்டில் எட்டிக் கட்டத்தை வரையுங்கள்: உடல் அறிகுறி, நோய்க்காரணி, வயது, காலம், சிகிச்சை. இந்தக் கட்டம் களத்துக்குள் நுழையும் கதவு என்பது பைக்கின் எண்ணம். நுழைந்த பிறகு ஒவ்வொரு கோடாகச் சோதித்து, அங்கே செல்லாதவற்றை அழித்து, நீங்கள் போடாத கோடுகளைச் சேர்த்துக்கொண்டே போக வேண்டும். 'முன்முடிவே இல்லாமல் போனேன்' என்று ஆய்வேட்டில் எழுதுகிறவர்கள் பெரும்பாலும் தங்கள் கட்டம் எது என்று கவனிக்காதவர்கள்.

அடுத்து, பட்டியல் கேட்பது. 'அம்மையில் என்னென்ன வகை உண்டு, உங்களுக்குத் தெரிந்ததெல்லாம் சொல்லுங்கள்' என்று ஒவ்வொருவரிடமும் தனியாகக் கேளுங்கள். இருபது முதல் முப்பது பேர் பொதுவாகப் போதும். கடைசி ஐந்தாறு பேரிடம் புதிய பெயர் ஏதும் வரவில்லை என்றால் நிறுத்தலாம். சொன்ன வரிசையையும் குறித்துக்கொள்ளுங்கள். எல்லாரும் முதலில் சொல்வது அந்தப் பகுப்பின் நடுவில் இருப்பது, ஒருவர் மட்டும் கடைசியில் சொன்னது ஓரத்தில் இருப்பது.

கேள்வியில் உங்கள் சொல் கலந்துவிடாமல் பார்த்துக்கொள்வதில்தான் பாதி வேலை. 'கடந்த ஓராண்டில் உங்கள் வீட்டில் யாருக்காவது தோல் நோய் வந்ததா?' என்று கேட்டால் அம்மை பதிவாகாமலே போகலாம், ஏனென்றால் அந்த வீட்டில் அது 'நோய்' என்ற பெட்டிக்குள்ளேயே இல்லை. 'ஸ்கின் டிசீஸ்' என்று நீங்கள் ஒருமுறை சொல்லிவிட்டால் அடுத்த அரைமணி நேரம் அவர்களும் அதையே சொல்வார்கள். பதிவைக் கேட்டுப் பார்த்தால் அது உங்கள் குரலில் தொடங்கியது தெரியும். வெள்ளை மேலங்கியோடு போகிற செவிலியர் மாணவிகளுக்கு இந்தச் சிக்கல் இரட்டிப்பு. ஆஸ்பத்திரிப் பேச்சும் மக்களுக்குத் தெரியும் என்பதால் உங்களிடம் 'சிக்கன் பாக்ஸ்' என்றே சொல்வார்கள், நீங்கள் போனபின் அம்மை என்பார்கள். ஆளைப் பார்த்து வகையை மாற்றுவதும் அவர்கள் வழக்கின் ஒரு பகுதிதான். அதை ஒதுக்காமல் பதிவு செய்யுங்கள்.

பெயர்கள் கிடைத்ததும் எதிர்நிலைக் கேள்விகள், அதாவது எது எதிலிருந்து எப்படி வேறு என்று கேட்பவை. ஜேம்ஸ் ஸ்பிராட்லி 1979இல் எழுதிய நேர்காணல் கையேடு இதற்கு இன்றும் நல்ல துணை. விவரிப்புக் கேள்வி, அமைப்புக் கேள்வி, எதிர்நிலைக் கேள்வி என்று மூன்றாகப் பிரித்துச் சொல்லித்தரும். நடைமுறையில் எளிதானது மும்மைச் சோதனை. மூன்று பெயரைச் சொல்லி, 'இதில் எது சேராதது?' என்று கேட்பது. சின்னம்மை, தட்டம்மை, அக்கி என்று கொடுங்கள். எதைத் தள்ளுகிறார்கள் என்பதைவிட ஏன் என்று சொல்லும் காரணத்தைச் சொல்லுக்குச் சொல் எழுதுங்கள். 'அதுக்குத் தண்ணி ஊத்தறது இல்லையே' என்று ஒருவர் சொன்னால், பிரிக்கும் கோடு கொப்புளத்தின் வடிவத்தில் இல்லை, சடங்கில் இருக்கிறது என்று பொருள். மொழியியலில் 'வலி–வளி' செய்கிற வேலையை இங்கே இந்த ஒரு வரி செய்கிறது.

அட்டைகளில் பெயர் எழுதிக் குவியலாகப் பிரிக்கச் சொல்லலாம். முப்பதுக்கு மேல் அட்டை போனால் சலிப்படைந்து கைக்கு வந்தபடி அடுக்கிவிடுவார்கள். எழுத்துத் தெரியாதவர்களுக்குப் படமோ பொருளோ கொடுங்கள்; ஆனால் நோய்ப் படம் கொடுத்தால் மருத்துவப் பாடநூல் படம் அவர்களைத் தோற்றத்தை வைத்துப் பிரிக்கத் தள்ளிவிடும். அப்போது வாயால் சொல்லி நினைவில் வைக்கச் செய்வதே மேல்.

கடைசியாக ஒரு சரிபார்ப்பு. நீங்கள் கண்டுபிடித்த கோட்டை வேண்டுமென்றே தாண்டுங்கள்: 'அக்கி வந்தவங்களுக்கு எத்தனையாவது நாள் தண்ணி ஊத்துவீங்க?' பதில் திருத்தலாக வந்தால், சிரிப்பாக வந்தால், கோடு இருக்கிறது. சாதாரணமாக ஒரு நாளைச் சொல்லிவிட்டால் உங்கள் பட்டியலை மறுபடி பாருங்கள். ஒருவரிடம் இல்லாமல் ஐந்தாறு பேரிடம், வயது, சாதி, சமயம் மாற்றிக் கேளுங்கள். ஒரே தெருவில் மாரியம்மனை வணங்கும் வீட்டுக்கும் தேவாலயம் போகும் வீட்டுக்கும் பகுப்பு ஒன்றாக இருக்கலாம், நடைமுறை வேறாக இருக்கலாம். அதையும் எழுதத்தான் வேண்டும்.

பைக்கா, ஹாரிஸா

இங்கேதான் புதியவர்கள் அதிகம் வழுக்குவார்கள், ஏனென்றால் ஒரே சொல்லை இரண்டு பேர் இரண்டு விதமாக வைத்திருந்தார்கள். பைக்குக்கு எட்டிக் தொடக்கம், ஈமிக் இலக்கு. அமெரிக்க மானிடவியலாளர் மார்வின் ஹாரிஸ் 1960களில் இந்தச் சொற்களை எடுத்துக்கொண்டு எடையை மாற்றினார். அவரிடம் ஈமிக் கூற்றுக்கு இறுதி நீதிபதி உள்ளூர்க்காரர். அவர் ஒப்புக்கொண்டால்தான் அது செல்லும். எட்டிக் கூற்றுக்கு உள்ளூர்க்காரர் சம்மதம் தேவையில்லை. வெளியிலிருந்து பார்க்கிற ஆய்வாளர்கள் பலர் தனித்தனியே சோதித்து ஒரே முடிவுக்கு வந்தால் போதும். அறிவியல் விளக்கம் எட்டிக் பக்கம்தான் என்பது அவர் கட்சி.

அவர் தந்த சான்றுகளில் பேர்போனது நம் பக்கத்து மாநிலத்தினுடையது. திருவனந்தபுரம் மாவட்டத்து விவசாயிகளிடம் மாடுகள் ஏன் சாகின்றன என்று கேட்டார். தம் மாட்டைப் பட்டினி போட்டோ வேறு வகையிலோ சாகடிக்கமாட்டோம், பசுவைக் கொல்லலாகாது என்ற நெறியை மீறமாட்டோம் என்றார்கள் எல்லாரும். கணக்கெடுத்தால், ஒரு வயதுக்குட்பட்டவற்றில் நூறு கிடேரிக்கு 67 காளைக்கன்றுதான் இருந்தது. காளைக்கன்று அதிகம் சாவது விவசாயிகளுக்கும் தெரியும். அது நோஞ்சான், அடிக்கடி சீக்கு வரும் என்று காரணம் சொன்னார்கள். தாய்மடியில் அதைக் கொஞ்ச நேரத்துக்கு மேல் விடுவதில்லை என்று சிலர் ஒப்புக்கொண்டார்கள். ஹாரிஸ் இதை நான்கு அறையாகப் பிரித்தார். மனத்தளவில் ஈமிக்: எல்லாக் கன்றுக்கும் வாழும் உரிமை உண்டு. நடத்தையளவில் ஈமிக்: எந்தக் கன்றும் பட்டினி போடப்படுவதில்லை. நடத்தையளவில் எட்டிக்: காளைக்கன்றுகள் பட்டினியால் சாகின்றன. மனத்தளவில் எட்டிக்: தீவனம் குறையும்போது காளைக்கன்று போகட்டும். உழவுக்குக் காளை அதிகம் தேவைப்படும் உத்தரப்பிரதேசத்தில் விகிதம் தலைகீழாக, காளைகள் அதிகமாக இருந்ததையும் அவர் சுட்டிக்காட்டினார்.

இந்த நான்காவது அறை பலருக்கு உறுத்தும். வாயாலும் சொல்லாத, மனத்தாலும் ஒப்பாத விதியை வெளியாள் எப்படி அவர்கள் மனத்துக்குள் வைக்கலாம் என்ற கேள்வி நியாயமானதுதான். பைக்கும் ஹாரிஸும் 1988இல் அரிசோனாவின் ஃபீனிக்ஸ் நகரில் நடந்த அமெரிக்க மானிடவியல் சங்கக் கூட்டத்தில் நேருக்கு நேர் விவாதித்தார்கள்; அது 1990இல் நூலாக வந்தது. சமாதானமாகப் போகவில்லை. உங்களுக்கு வேண்டியது இவ்வளவுதான்: யாருடைய பொருளில் எழுதுகிறீர்கள் என்று முதல் முறை சொல்லும்போதே ஒரு வரியில் சொல்லிவிடுங்கள். பைக் வழியில் போனால், மக்களே அறியாத பகுப்பையும் ஈமிக் எனலாம். ஹாரிஸ் வழியில் அப்படிச் சொல்லத் தயங்க வேண்டும். பாதி ஆய்வேட்டில் ஒன்றும் மீதியில் மற்றதுமாக இருந்தால் தேர்வாளர் கண்டுபிடித்துவிடுவார்.

உளவியல் மாணவர்கள் மூன்றாவது ஒருவரையும் பார்க்க வேண்டும். ஜான் பெர்ரி 1969இல் 'இம்போஸ்டு எட்டிக்' என்ற தொடரைக் கொண்டுவந்தார்: ஓரிடத்தில் செய்த அளவுகோலை இன்னோரிடத்தில் அப்படியே சுமத்துவது. மனச்சோர்வை அளக்கும் சுங் அளவுகோல் 1965இல் அமெரிக்காவில் வந்தது, 20 கூற்றுகள். அதன் முதல் கூற்றிலேயே 'ப்ளூ' என்ற நிறச்சொல் சோகத்தைக் குறிக்கிறது. தமிழில் நிறத்தை எறிந்துவிட்டு 'மனசு சரியில்லை' என்று போட்டுக்கொள்ளலாம். மொழிபெயர்ப்புச் சிக்கல் தீர்ந்துவிடும். ஆனால் 'மனசு சரியில்லை' என்பதைச் சொல்கிறவர்கள் அதை வைத்தியத்துக்குரியதாக எண்ணுகிறார்களா, வீட்டுச் சச்சரவோடு வைக்கிறார்களா என்பது மொழிபெயர்ப்பில் தீராத கேள்வி. அதற்குத் தனியாகப் பட்டியலும் மும்மைச் சோதனையும் வேண்டும்.

வாக்கியத்தில் வைப்பது

ஈமிக்கோடு இயல்பாகச் சேரும் பெயர்கள் சில: கேட்டகரி, டிஸ்டிங்க்‌ஷன், டெர்ம், அக்கவுண்ட், பெர்ஸ்பெக்டிவ். முதல் இரண்டும் வலுவானவை, பகுப்பைப் பேசுகின்றன. கடைசி ஒன்று தேய்ந்துபோனது. 'ஈமிக் பெர்ஸ்பெக்டிவ்' என்று எழுதிய இடத்தில் சொல்லை அடித்துவிட்டுப் படித்துப் பாருங்கள், பொருள் குறையவில்லை என்றால் அடித்தபடியே விட்டுவிடுங்கள்.

ஒரு வரைவைத் திருத்திப் பார்க்கலாம். வழக்கமாக வருவது இப்படி: 'இந்த ஆய்வு அம்மை நோய் குறித்த மக்களின் ஈமிக் பார்வையை ஆராய்கிறது. மக்கள் அம்மையைத் தெய்வமாக நம்புகின்றனர்.' இதில் மூன்று கோளாறு. 'அம்மை நோய்' என்று முதல் வரியிலேயே மருத்துவப் பெட்டிக்குள் போட்டாயிற்று. எந்த மக்கள் என்று இல்லை. 'நம்புகின்றனர்' என்பது மருத்துவர் அறிகிறார், இவர்கள் நம்புகிறார்கள் என்ற தட்டுப் பிரிப்பைச் சத்தமில்லாமல் நுழைத்துவிடுகிறது. திருத்தினால்: 'நேர்காணல் தந்தவர்களிடம் அம்மை ஓர் ஈமிக் வகை. சின்னம்மையையும் தட்டம்மையையும் அது உள்ளடக்கும்; அக்கியை விலக்கும். தலைக்குத் தண்ணீர் ஊற்றும் சடங்கு உண்டா இல்லையா என்பதே பிரிக்கும் அளவுகோல். தொற்றை வைத்துப் பிரிக்கும் எட்டிக் வகைப்பாட்டில் சின்னம்மையும் அக்கியும் ஒரே வைரஸால் வருபவை.' இரண்டு சொல்லும் அவற்றுக்குரிய இடத்தில் இருக்கின்றன. எடுத்துவிட்டால் வாக்கியம் விழுந்துவிடும்.

ஆங்கிலத்தில் எழுதும்போது 'அம்மை' என்பதைச் சாய்வெழுத்தில் அப்படியே வைத்து, முதல்முறை மட்டும் விளக்குங்கள். 'சிக்கன் பாக்ஸ்' என்று மொழிபெயர்த்துவிட்டு அடுத்த பக்கத்தில் ஈமிக் என்று சொன்னால் கையில் ஒன்றும் மிஞ்சாது. மொழிபெயர்ப்பு எவ்வளவு தின்றுவிடும் என்பதற்கு உறவுமுறை ஆய்விலும் சான்று உண்டு. 'மாமா' தாயின் உடன்பிறந்தான், அத்தையின் கணவர், மாமனார் எல்லாருக்கும் பொது. ஆங்கிலத்தில் 'அங்கிள்' என்று போட்டதும் சித்தப்பாவும் அதே பெட்டிக்குள் வந்துவிடுவார். பிறகு ஏன் ஒருவர் மகளை மணக்கலாம், மற்றவர் மகளை மணக்கக் கூடாது என்று புரியவே புரியாது. பிரமலைக் கள்ளர்களிடையே களப்பணி செய்த லூயி துய்மோன் 1953 கட்டுரையில் எடுத்துக்காட்டியது இதைத்தான்: மாமாவை இரத்த உறவு என்று மட்டும் குறித்தால் திராவிட முறையின் முதுகெலும்பு போய்விடும், அவர் கொண்டு-கொடுத்தல் வழியில் வரும் சம்பந்தியும்கூட.

வழக்கமாக நேரும் கோளாறுகள்

மேற்கோளை ஈமிக் என்று நினைப்பது. நேர்காணலில் சொன்னதை அப்படியே தருவது தரவு. அதிலிருந்து நீங்கள் காட்டும் எல்லைக்கோடுதான் ஈமிக். க பற்றித் தமிழர் வாய் சொல்வதும் தமிழ் செய்வதும் வேறு என்பதை நினைவில் வையுங்கள்.

'நான் அதே ஊர், அதே சமூகம், ஆகவே என் ஆய்வு ஈமிக்' என்பது அடுத்தது. உள்ளூர் ஆய்வாளருக்குச் சில கதவுகள் திறந்திருக்கும், உண்மைதான். ஆனால் பழகிப்போன கோடு கண்ணுக்குத் தெரியாது. வினாத்தாளில் 'ஊர்:' என்று அச்சிட்டுவிட்டு ஒரே வகை விடை வரும் என்று எதிர்பார்ப்பது இந்த ரகம். ஒருவர் பிறந்த இடத்தை எழுதுவார், ஒருவர் குலதெய்வம் இருக்கிற பூர்வீகத்தை, இன்னொருவர் இப்போது குடியிருக்கிற இடத்தை. வேலன்டைன் டேனியல் 1984இல் வெளியிட்ட தமிழ்ச் சிற்றூர் ஆய்வில், 'ஊர்' பேசுகிற ஆளைச் சுற்றி நகரும், 'கிராமம்' வரைபடத்தில் நிலையாக நிற்கும் என்று காட்டியிருக்கிறார். வினாத்தாளில் உங்களுக்கு வேண்டியது வருவாய்க் கிராமம் என்றால் அதையே கேளுங்கள். கூடவே ஒரு நுணுக்கம்: வருவாய்க் கிராமம் எல்லாருக்கும் எட்டிக் என்று நினைக்க வேண்டாம். வருவாய்த்துறையே உங்கள் களம் என்றால், அவர்கள் பகுப்பு அங்கே ஈமிக். யாருடைய ஈமிக் என்று சொல்லாமல் விட்டால் சொல்லுக்குப் பொருளில்லை.

மூன்றாவது, ஈமிக் உயர்ந்தது, எட்டிக் ஆதிக்கம் என்று அறநிலைப்பாடாக்குவது. களத்தில் மக்கள் மேல் உள்ள மதிப்பைக் காட்ட வேறு வழிகள் இருக்கின்றன. பெயரடை அதற்குப் போதாது. தடுப்பூசித் திட்டம் எழுதுகிறவருக்கு வைரஸ் கணக்கு வேண்டும், அம்மை வந்த வீட்டுக்கு எந்த நாளில் போகலாம் என்பதும் தெரிந்திருக்க வேண்டும்.

எதிர்நிலைச் சோதனை எதுவும் செய்யவில்லையா, இந்தச் சொல்லையே விட்டுவிடுங்கள். 'பங்கேற்பாளர்களின் சொற்களில்' என்று எழுதுவது நேர்மையானது, யாரும் மதிப்பெண் குறைக்கமாட்டார்கள்.

ஒப்படைக்கும் முன்

தமிழ்ச் சுருக்கமும் கேட்கிற பல்கலைக்கழகம் என்றால், ஈமிக்–எட்டிக் இரண்டையும் 'அகவயம்–புறவயம்' என்று பெயர்க்காதீர்கள். அந்த இணை ஏற்கெனவே 'சப்ஜெக்டிவ்–ஆப்ஜெக்டிவ்' பொருளில் ஊறிவிட்டது. ஈமிக் என்றால் தனிமனித உணர்வு என்று படிப்பவர் நினைத்துக்கொள்வார். மொழியியல் துறையில் 'ஒலியன்', 'ஒலி' என்ற இணை நன்றாக வழங்குகிறது, அங்கே அதையே பயன்படுத்தலாம். பிற துறைகளில் 'ஈமிக் வகை' என்று ஒலிபெயர்த்து, முதல்முறை 'அந்த மக்களின் வழக்குக்குள் செல்லுபடியாகும் பகுப்பு' என்று விரித்துவிட்டால் போதும்.

கணினியில் இன்னொரு வேலை இருக்கிறது. 'எட்டிக்'கைத் தட்டச்சுப் பிழையாக எடுத்துக்கொண்டு சொல்திருத்தி அதை 'எத்திக்' ஆக்கிவிடக்கூடும். எட்டிக் வகைப்பாடு என்று நீங்கள் எழுதியது அறநெறி வகைப்பாடு என்று அச்சாகும், படிக்கிறவருக்கு அது பிழை என்றே தோன்றாது. இரண்டு சொல்லையும் முதலிலேயே சொல்திருத்தியின் அகராதியில் சேர்த்துவிடுங்கள். முடித்ததும் கோப்பு முழுக்க 'எத்திக்' என்று தேடி, வருகிற ஒவ்வொன்றையும் கண்ணால் பாருங்கள். ஆய்வு அறநெறி பற்றிய பகுதியில் வருவது இருக்கட்டும், மற்ற இடங்களில் வருவதைத் திருத்துங்கள். பொருளடக்கமும் அட்டவணைத் தலைப்புகளும் தனியாக உருவாகியிருந்தால் அவற்றையும் ஒருமுறை புதுப்பித்துப் பாருங்கள்.